பிரிட்டன் இன்றும் ஓர் உலக வல்லரசா?

பிரிட்டன் இன்னும் உலக வல்லரசுகளில் ஒன்றுதானா, அல்லது பழைய பெயரை வைத்துக் காலம் தள்ளும் நடுத்தர நாடாகிவிட்டதா என்பது கேள்வி. வல்லரசுதான் என்பவர்கள் ஐ.நா. பாதுகாப்பு மன்றத்தில் அதற்குள்ள நிரந்தர இடத்தையும், அணு ஆயுதத்தையும், லண்டனின் நிதிச் சந்தையையும், உலகமெங்கும் பேசப்படும் அதன் மொழியையும் சுட்டிக்காட்டுகிறார்கள். இல்லை என்பவர்கள் 1956இன் சூயஸ் தோல்வி, சுருங்கிப்போன ராணுவம், ஐரோப்பிய ஒன்றியத்திலிருந்து விலகியது, 2022இல் பொருளாதார அளவில் இந்தியா அதைத் தாண்டிச் சென்றது ஆகியவற்றை அடுக்குகிறார்கள். இரு தரப்பினர் சொல்லும் செய்திகளும் உண்மையே. ஆனால் அவர்கள் இருவேறு ஆற்றல்களைப் பற்றிப் பேசுகிறார்கள். விவாதம் முடிவுக்கு வராததற்கு அதுதான் காரணம்.

ஒன்று, யாரையும் கேட்காமல், யாருடைய உதவியும் இல்லாமல், தொலைதூர நாடொன்றில் தான் நினைத்ததை நடத்திவைக்கும் ஆற்றல். மற்றொன்று, பிறர் கூடி முடிவெடுக்கும்போது தன்னை ஒதுக்கிவைக்க முடியாதபடி அமைப்புகளிலும் சந்தைகளிலும் சட்டங்களிலும் வேரூன்றியிருக்கும் ஆற்றல். முதலாவதை பிரிட்டன் 1947க்கும் 1968க்கும் இடைப்பட்ட ஆண்டுகளில் இழந்துவிட்டது என்பதும், அது திரும்ப வரப்போவதில்லை என்பதும் என் முடிவு. இரண்டாவது, பலர் நினைப்பதைவிட மிகுதியாகவே அதனிடம் இருக்கிறது. எனினும் அதில் பெரும்பகுதி அமெரிக்காவின் சம்மதத்தையோ, பிரிட்டிஷ் அரசாங்கத்தின் கைக்குள் முழுமையாக அடங்காத தனியார் நிறுவனங்களையோ சார்ந்து நிற்கிறது.

முதல் ஆற்றல் எவற்றால் ஆனது என்பதைப் பார்த்தால்தான் இழப்பின் அளவு புரியும். கடற்படையைப் பற்றி எல்லோரும் பேசுவார்கள். தனக்கு அடுத்த நிலையிலுள்ள இரண்டு கடற்படைகள் சேர்ந்தால் எவ்வளவோ அவ்வளவு வலிமை தன் கடற்படைக்கு இருக்க வேண்டும் என்பதை 1889ஆம் ஆண்டுச் சட்டத்தோடு பிரிட்டன் கொள்கையாகவே ஏற்றது. 1922இன் வாஷிங்டன் ஒப்பந்தத்தில் அமெரிக்கக் கடற்படைக்குச் சமமான அளவை ஒப்புக்கொண்டபோது அந்தக் கொள்கை முடிந்துபோனது. கடற்படையைவிடக் குறைவாகப் பேசப்படுவதும், என் பார்வையில் அதைவிட முக்கியமானதும், இந்திய ராணுவம். 1762இல் மணிலாவைத் தாக்கச் சென்ற படை மதராஸிலிருந்துதான் கப்பலேறியது. 1824இல் தொடங்கிய முதல் பர்மியப் போரிலும், 1840இல் தொடங்கிய அபினிப் போரிலும் மதராஸ் சிப்பாய்கள் போரிட்டார்கள். முதல் உலகப் போரில் மெசப்பொட்டேமியாவிலும், இரண்டாம் உலகப் போரில் வட ஆப்பிரிக்காவிலும் இத்தாலியிலும் பர்மாவிலும் இந்தியப் படையினர் நின்றார்கள். அந்தப் போர் முடியும்போது அவர்களின் எண்ணிக்கை 25 லட்சத்தைத் தொட்டிருந்தது. அமைதிக் காலத்தில் இந்தப் படையைப் பராமரிக்கும் செலவை இந்திய மக்களின் வரிப்பணமே சுமந்தது. பிரிட்டிஷ் நாடாளுமன்றத்திடம் கையேந்தாமலேயே ஆசியாவின் எந்த மூலைக்கும் அனுப்பக்கூடிய ஒரு பெரும்படை லண்டனிடம் இருந்தது என்பதே இதன் பொருள். 1947 ஆகஸ்டுக்குப் பிறகு சூயஸுக்குக் கிழக்கே தளங்கள் எஞ்சியிருந்தன. அவற்றிலிருந்து அனுப்புவதற்கு அந்த அளவில் ஆட்கள் இல்லை.

ஆகவே வீழ்ச்சிக்கு ஒரு நாள் குறிக்கச் சொன்னால் நான் சூயஸைக் குறிக்கமாட்டேன். 1947 பிப்ரவரியின் ஒரே வாரத்தைக் குறிப்பேன். கடுங்குளிரில் நிலக்கரி மின்நிலையங்களுக்குப் போய்ச் சேராமல் பிரிட்டனின் தொழிற்சாலைகள் மூடிக் கிடந்த நாட்கள் அவை. பிப்ரவரி 18 அன்று, பாலஸ்தீனப் பிரச்சினையை ஐ.நா.விடம் ஒப்படைப்பதாக வெளியுறவு அமைச்சர் எர்னஸ்ட் பெவின் அறிவித்தார். 20 அன்று, 1948 ஜூனுக்குள் இந்தியாவை விட்டு வெளியேறுவோம் என்று பிரதமர் அட்லி அறிவித்தார். 21 அன்று, கிரேக்கத்துக்கும் துருக்கிக்கும் இனித் தன்னால் உதவ முடியாது என்று பிரிட்டன் அமெரிக்காவுக்குத் தெரிவித்தது. அடுத்த மாதமே அமெரிக்க அதிபர் ட்ரூமன் அந்தப் பொறுப்பை அமெரிக்காவின் பொறுப்பாக ஏற்றுக்கொண்டார். கிழக்கு மத்தியதரைக் கடலிலிருந்து வங்கக் கடல் வரை நீண்டிருந்த ஒரு பொறுப்பு நான்கு நாட்களில் கை மாறத் தொடங்கியது. பின்னால் வந்தவை எல்லாம் இந்த வாரத்தின் நீட்சிகள்.

இதற்கு அடியில் இருந்தது பணம். போர் முடிந்தபின் 1946இல் அமெரிக்காவிடம் 375 கோடி டாலரை 2 சதவீத வட்டிக்குப் பிரிட்டன் கடனாகப் பெற்றது. பவுண்டு வைத்திருப்போர் அதை டாலராக மாற்றிக்கொள்ள அனுமதிக்க வேண்டும் என்பது நிபந்தனை. 1947 ஜூலை 15 அன்று அனுமதித்தார்கள். டாலர் கையிருப்பு கரைந்த வேகத்தைத் தாங்க முடியாமல் ஆகஸ்டு 20 அன்று நிறுத்தினார்கள். அந்தக் கடனின் கடைசித் தவணை 2006 டிசம்பரில்தான் கட்டி முடிக்கப்பட்டது. போர்க்காலத்தில் இந்தியாவிடம் பெற்ற பொருள்களுக்காகவும் சேவைகளுக்காகவும் பிரிட்டன் இந்தியாவுக்குச் செலுத்த வேண்டியிருந்த தொகையோ ஏறத்தாழ 130 கோடி பவுண்டு. ஆண்டவர் ஆளப்பட்டவருக்குக் கடன்பட்டிருந்த இந்த நிலையை மறந்துவிட்டு, பெருந்தன்மையால் மட்டுமே பேரரசு கலைக்கப்பட்டது என்று சொல்வதை என்னால் ஏற்க முடியாது.

சூயஸ், இழப்பு எல்லோருக்கும் தெரியவந்த இடம். 1956 ஜூலை 26 அன்று எகிப்து அதிபர் நாசர் சூயஸ் கால்வாயை நாட்டுடைமையாக்கினார். இஸ்ரேலுடனும் பிரான்சுடனும் மறைவில் திட்டமிட்டு, நவம்பர் தொடக்கத்தில் பிரிட்டன் படையிறக்கியது. ராணுவ வகையில் அந்தப் படையெடுப்பு தோற்கவில்லை. பவுண்டு சரியத் தொடங்கியது. படையை நிறுத்தும்வரை பன்னாட்டு நிதியத்தின் உதவிக்கு வழிவிட அமெரிக்காவின் ஐசன்ஹோவர் அரசு மறுத்தது. நவம்பர் 6 அன்று போர்நிறுத்தம், டிசம்பரில் வெளியேற்றம், 1957 ஜனவரியில் பிரதமர் ஈடனின் பதவி விலகல். அதே 1957இல் பண்டாரநாயக்க அரசு திருகோணமலைக் கடற்படைத் தளத்தையும் திரும்பப் பெற்றது. பிறகு 1967 நவம்பரில் பவுண்டின் மதிப்பு 2.80 டாலரிலிருந்து 2.40 டாலராகக் குறைக்கப்பட்டது. இரண்டே மாதங்களில், 1971 முடிவதற்குள் சிங்கப்பூர், மலேசியா, பாரசீக வளைகுடா ஆகிய இடங்களிலிருந்து படைகள் திரும்பும் என்று பிரதமர் வில்சன் அறிவித்தார். தனித்து நின்று உலகளவில் செயல்படும் வல்லரசு என்ற நிலை அந்த அறிவிப்போடு முறைப்படி முடிந்தது.

ஃபாக்லாந்து போரை எடுத்துக்காட்டி இதை மறுப்பவர்கள் உண்டு. அந்த மறுப்பைப் புறந்தள்ள முடியாது. 1982இல் சுமார் 13,000 கிலோமீட்டர் தொலைவுக்குக் கப்பற்படையை அனுப்பி, 255 வீரர்களை இழந்து, அர்ஜென்டினா கைப்பற்றியிருந்த அந்தத் தீவுகளை பிரிட்டன் மீட்டது. அன்று உலகில் வேறு எத்தனை நாடுகளால் அதைச் செய்திருக்க முடியும் என்று கேட்டால், மிகச் சிலவற்றால்தான். ஆனாலும் அந்தப் படை நடுவழியில் நம்பியிருந்த அசென்ஷன் தீவு விமான தளத்தை இயக்கியவர்கள் அமெரிக்கர்கள். பிரிட்டிஷ் விமானங்கள் பயன்படுத்திய புதிய சைட்விண்டர் ஏவுகணைகளையும் அமெரிக்காதான் வழங்கியது. போரில் பங்கேற்ற விமானந்தாங்கிக் கப்பல்களில் ஒன்றான இன்வின்சிபிளை ஆஸ்திரேலியாவுக்கு விற்பதற்கு அதே ஆண்டு பிப்ரவரியில் ஒப்புதல் ஆகியிருந்தது. அர்ஜென்டினாவின் ராணுவ ஆட்சியாளர்கள் ஓரிரு ஆண்டு பொறுத்திருந்தால் கதை வேறாக இருந்திருக்கும் என்றே நினைக்கிறேன். துணிவும் திறமையும் அதில் இருந்தன. ஆனால் அதை மீண்டும் மீண்டும் செய்யக்கூடிய நிலையில் அந்த நாடு இருக்கவில்லை.

இதே சிக்கலை அணு ஆயுதத்தில் இன்னும் தெளிவாகக் காணலாம். 1952இல் ஆஸ்திரேலியாவின் மான்டி பெல்லோ தீவுகளில் தன் முதல் அணுகுண்டை பிரிட்டன் சோதித்தது. குண்டைச் செய்ய முடிந்தது. அதைச் சுமந்து செல்லும் ஏவுகணையை உருவாக்கும் செலவைத் தாங்க முடியவில்லை. சொந்தத் திட்டமான புளூ ஸ்ட்ரீக் 1960இல் கைவிடப்பட்டது. அதற்குப் பதிலாக வாங்கவிருந்த ஸ்கைபோல்ட் ஏவுகணையை 1962இல் அமெரிக்கா தானே ரத்து செய்தது. அந்த டிசம்பரில் பஹாமாஸ் தீவுகளின் நஸாவ் நகருக்குச் சென்ற பிரதமர் மக்மில்லன், அமெரிக்க அதிபர் கென்னடியிடமிருந்து போலாரிஸ் ஏவுகணைகளைப் பெற்றுத் திரும்பினார். இன்றைய டிரைடன்ட் ஏவுகணை அந்த ஏற்பாட்டின் வாரிசு. ஸ்காட்லாந்தின் ஃபாஸ்லேனைத் தளமாகக் கொண்ட நான்கு வான்கார்ட் வகை நீர்மூழ்கிக் கப்பல்களில் ஒன்றாவது எப்போதும் கடலில் இருக்கும். 1969 முதல் இந்தச் சுழற்சி தொடர்கிறது. ஏவும் முடிவு பிரதமருடையது, அதற்கு வாஷிங்டனின் அனுமதி தேவையில்லை. அணுகுண்டுகளை ஆல்டர்மாஸ்டனில் பிரிட்டனே செய்கிறது. ஆனால் ஏவுகணைகள் அமெரிக்காவின் ஜார்ஜியா மாநிலத்திலுள்ள கிங்ஸ் பே தளத்தின் பொதுக் கையிருப்பிலிருந்து எடுத்துக்கொள்ளப்படுபவை, அங்கேயே பராமரிக்கப்படுபவை. ஆகவே இந்த ஆயுதம் சுதந்திரமானதா என்ற பழைய கேள்விக்கு, இன்று மாலை ஏவுவதற்குச் சுதந்திரமானது, பத்தாண்டுகள் வைத்திருப்பதற்குச் சுதந்திரமற்றது என்பதே என் பதில்.

பாதுகாப்பு மன்றத்தின் வீட்டோ அதிகாரத்தையும் இவ்வாறே எடைபோட வேண்டும். பிரிட்டன் தனித்து நின்று வீட்டோவைக் கடைசியாகப் பயன்படுத்தியது 1972இல், ரொடீசியா (இன்றைய ஜிம்பாப்வே) விவகாரத்தில். அமெரிக்காவோடும் பிரான்சோடும் சேர்ந்து கடைசியாகப் பயன்படுத்தியது 1989 டிசம்பரில், பனாமா விவகாரத்தில். பயன்படுத்தவில்லை என்பதால் அது பயனற்றது என்று முடிவு கட்டிவிட முடியாது. தீர்மானங்களின் வாசகத்தை எழுதும் பொறுப்பு பல விவகாரங்களில் பிரிட்டனிடமே இருக்கிறது. நியூயார்க்கில் அதன் தூதர்கள் இந்த வரைவுத் திறமையால் மதிக்கப்படுகிறார்கள். உலகின் பெரும்பாலான நாடுகளுக்குக் கிடைக்காத இடம் அது. ஆனால் தனியாக எழுந்து மறுப்புச் சொல்லும் துணிவை அரை நூற்றாண்டுக்கும் மேலாகக் காட்டாத ஒரு நாடு, அந்த இடத்தை அதிகாரமாக அல்லாமல் தகுதியாகவே வைத்திருக்கிறது.

அந்தத் தகுதியும் தேய்ந்து வருகிறது. 2017 நவம்பரில் பன்னாட்டு நீதிமன்றத்துக்கான தேர்தலில் இந்தியாவின் தல்வீர் பண்டாரிக்கு எதிராகப் பொதுச்சபையில் ஆதரவு கிடைக்காமல் பிரிட்டன் தன் வேட்பாளரை விலக்கிக்கொண்டது. 1946இல் அந்த நீதிமன்றம் செயல்படத் தொடங்கியதிலிருந்து அதில் பிரிட்டிஷ் நீதிபதி இல்லாமற்போனது அதுவே முதல்முறை. 2019 பிப்ரவரியில், இந்தியப் பெருங்கடலிலுள்ள சாகோஸ் தீவுக்கூட்டத்தின் நிர்வாகத்தை பிரிட்டன் விரைவில் முடித்துக்கொள்ள வேண்டும் என்று அதே நீதிமன்றம் கருத்துரைத்தது. அந்த மே மாதம் பொதுச்சபை 116 வாக்குகளுக்கு 6 என்ற கணக்கில் அதை ஆதரித்தது. 1965இல் மொரீஷியஸிலிருந்து பிரித்தெடுத்து, பிறகு அங்கு வாழ்ந்த மக்களை வெளியேற்றி, டியகோ கார்சியாவை அமெரிக்கத் தளத்துக்குக் கொடுத்த கதை அது. அந்த மண்ணில் யாருடைய சொல் செல்லும் என்பதற்கு அண்மைக்காலச் சான்று ஒன்று உண்டு. 2021இல் அங்கே வந்து சேர்ந்த, பெரும்பாலும் இலங்கைத் தமிழர்களான அகதிகள் முகாமில் அடைபட்டிருந்தார்கள். அவர்களது வழக்கை விசாரிக்க 2024 ஜூலையில் அந்தப் பிரதேசத்தின் நீதிமன்றம் தீவுக்குச் செல்லவிருந்தபோது, அமெரிக்கத் தரப்பு தன் இசைவைத் திரும்பப் பெற்றதால் பயணம் நின்றது. பிரிட்டிஷ் பிரதேசம், பிரிட்டிஷ் நீதிபதி. நுழைவதற்கு இன்னொருவரின் இசைவு வேண்டியிருந்தது. விசாரணை பின்னர் நடந்து, அடைத்துவைத்தது சட்டவிரோதம் என்று தீர்ப்பும் வந்தது என்பதையும் நியாயமாகச் சேர்த்துச் சொல்ல வேண்டும். 2025 மே மாதத்தில் இறையாண்மையை மொரீஷியஸிடம் ஒப்படைத்து, டியகோ கார்சியாவை 99 ஆண்டுக் குத்தகைக்கு எடுக்கும் ஒப்பந்தத்தில் பிரிட்டன் கையெழுத்திட்டது.

இத்தனைக்குப் பிறகும் பிரிட்டனிடம் ஒன்றும் மிஞ்சவில்லை என்று எழுதுபவர்கள் லண்டன் மாநகரில் நிதி நிறுவனங்கள் குவிந்திருக்கும் ஒரு சதுர மைலைப் பார்க்கத் தவறுகிறார்கள். 2022 ஏப்ரலில் எடுக்கப்பட்ட கணக்கின்படி உலகின் அந்நியச் செலாவணி வணிகத்தில் 38 சதவீதம் பிரிட்டனில் நடந்தது. அமெரிக்காவின் பங்கு 19 சதவீதம். சரிந்துகொண்டிருந்த பவுண்டை நம்பியிருந்தால் இது நடந்திருக்காது. பவுண்டில் வெளிநாட்டுக் கடன் கொடுப்பதற்கு 1957இல் கட்டுப்பாடு வந்ததும், லண்டன் வங்கிகள் டாலரில் வணிகம் செய்யத் தொடங்கின. 1963இல் இத்தாலிய நெடுஞ்சாலை நிறுவனம் ஒன்றுக்காக முதல் யூரோ டாலர் (அமெரிக்காவுக்கு வெளியே புழங்கும் டாலர்) கடன்பத்திரத்தை வெளியிட்டார்கள். தன் நாட்டின் நாணயம் வீழ்ந்தபின் எதிராளியின் நாணயத்தைக் கொண்டே பிழைத்துக்கொண்ட இந்தத் திறமையை நான் மெய்யாகவே வியக்கிறேன். காப்பீட்டிலும் இதே கதைதான்: உலகின் கடல்வழிக் கப்பல்களின் மொத்தக் கொள்ளளவில் சுமார் 90 சதவீதத்துக்குப் பொறுப்புக் காப்பீடு அளிக்கும் சங்கங்களின் கூட்டமைப்பு லண்டனை மையமாகக் கொண்டது. 2022 டிசம்பரில் ரஷ்ய எண்ணெய்க்கு விலை உச்சவரம்பு விதிக்க முடிந்ததற்கு இந்தக் காப்பீடுதான் பிடி. பாங்க் ஆஃப் இங்கிலாந்தின் நிலவறையிலிருந்த வெனிசுலாவின் சுமார் 31 டன் தங்கத்தை மதுரோ அரசு திரும்பக் கேட்டுப் பெற முடியாமல் போனதையும் நினைவில் கொள்ள வேண்டும். ஒரு குண்டும் வெடிக்காமல் ஒரு நாட்டின் கருவூலத்தைப் பூட்டிவைக்க முடிகிறதென்றால் அது அதிகாரமே.

அந்த அதிகாரத்தின் எல்லையையும் உடனே சொல்லியாக வேண்டும். 1986இல் நிதிச் சந்தை விதிகள் தளர்த்தப்பட்டபின் லண்டனின் பழைய தரகு நிறுவனங்கள் பலவற்றை அமெரிக்க, ஐரோப்பிய வங்கிகள் வாங்கிவிட்டன. நம்பி வந்தவர்களின் சொத்தை அடிக்கடி முடக்கினால் நம்பிக்கை போய்விடும் என்பதால், இந்தக் கருவியை அரிதாகவே எடுக்க முடியும். ரஷ்யா லண்டன் காப்பீடு இல்லாத பழைய கப்பல்களைத் திரட்டிக்கொண்டதைப்போல மற்றவர்களும் மாற்றுவழி தேடிக்கொள்வார்கள்.

தமிழர்களுக்கு நேரடியாகத் தெரிந்த ஒரு சோதனை 2009இல் நடந்தது. அந்தப் பிப்ரவரியில் டெஸ் பிரவுனைச் சிறப்புத் தூதராக பிரிட்டன் நியமித்தது; கொழும்பு அவரை ஏற்க மறுத்தது. ஏப்ரல் 29 அன்று வெளியுறவு அமைச்சர் டேவிட் மிலிபாண்ட், பிரான்சின் வெளியுறவு அமைச்சர் பெர்னார்ட் குஷ்நேருடன் நேரில் சென்று போரை நிறுத்தக் கேட்டார். கேட்டவர்கள் பாதுகாப்பு மன்றத்தின் இரண்டு நிரந்தர உறுப்பினர்களின் பிரதிநிதிகள். கேட்கப்பட்டது அவர்களில் ஒருவர் 1948 வரை ஆண்ட தீவு. போர் நிற்கவில்லை, மூன்று வாரங்களில் அது முள்ளிவாய்க்காலில் முடிந்தது. ஜூலையில் இலங்கைக்கு 260 கோடி டாலர் கடன் கொடுப்பதற்கான பன்னாட்டு நிதிய வாக்கெடுப்பில் பிரிட்டன் வாக்களிக்காமல் விலகி நின்றது, கடன் கிடைத்தது. நாடாளுமன்றச் சதுக்கத்தில் வாரக்கணக்கில் நின்ற தமிழர்கள் பிரிட்டனால் முடியும், ஆனால் செய்ய மறுக்கிறது என்று நம்பினார்கள். அவர்களுடைய துயரத்தை முழுவதும் மதித்துக்கொண்டே, அந்த நம்பிக்கை பாதிதான் சரி என்று கருதுகிறேன். இன்னும் அழுத்தம் கொடுத்திருக்கலாம், கொடுத்திருக்கவும் வேண்டும். ஆனால் சீனாவும் ரஷ்யாவும் இந்தியாவும் வேறு பக்கம் நின்றபோது தடுத்து நிறுத்தும் வலிமை பிரிட்டனிடம் இருக்கவில்லை. 2025 மார்ச்சில் சவேந்திர சில்வா, கருணா உள்ளிட்ட நால்வர் மீது அது விதித்த பயணத் தடையும் சொத்து முடக்கமும் அதனிடம் இன்று உள்ள கருவிகளுக்குச் சரியான எடுத்துக்காட்டு: பெயரைக் குறிக்கலாம், கதவைச் சாத்தலாம், நடப்பதை நிறுத்த முடியாது.

உக்ரைன் போர் இதன் மறுபக்கம். படையெடுப்புக்கு முன்பே, 2022 ஜனவரியில், பிரிட்டன் டாங்கி எதிர்ப்பு ஏவுகணைகளை அனுப்பியது. 2023 ஜனவரியில் 14 சாலஞ்சர் டாங்கிகளை அறிவித்து, தயங்கிக்கொண்டிருந்த மற்றவர்களுக்கு வழி திறந்தது. அந்த மே மாதத்தில் ஸ்டார்ம் ஷாடோ நெடுந்தூர ஏவுகணைகளைக் கொடுத்தது. முதலில் அடியெடுத்து வைத்து மற்றவர்களை இழுத்துச் செல்லும் இந்த ஆற்றலை எண்ணிக்கையால் அளக்க முடியாது. 14 டாங்கிகள் போரின் போக்கை மாற்றவில்லை, பெர்லினின் மனத்தை மாற்றுவதில் பங்காற்றின. ஆனால் அதே ஏவுகணைகளை ரஷ்ய எல்லைக்குள் பயன்படுத்துவதற்கு 2024 நவம்பர் வரை, வாஷிங்டனின் தலையசைப்புக்காகக் காத்திருக்க வேண்டியிருந்தது.

மென்மையான செல்வாக்கைப் பற்றிச் சுருக்கமாகவே சொல்கிறேன், ஏனெனில் அதைத் தன் கையாலேயே பிரிட்டன் குறைத்துக்கொண்டிருக்கிறது. 1941இல் தொடங்கி, ஈழத்திலும் தமிழகத்திலும் செய்திக்காகக் காத்திருந்து கேட்கப்பட்ட பிபிசி தமிழோசையின் வானொலி ஒலிபரப்பு 2017 ஏப்ரல் 30 அன்று நிறுத்தப்பட்டது; தமிழ்ச் சேவை இப்போது இணையத்தில் தொடர்கிறது. வெளிநாட்டு உதவிக்கான தொகை தேசிய வருமானத்தில் 0.7 சதவீதத்திலிருந்து 2021இல் 0.5 ஆகக் குறைந்தது, 2027க்குள் 0.3 ஆக்கப்படும் என்று 2025இல் அறிவிக்கப்பட்டது. ஐரோப்பிய ஒன்றியத்திலிருந்து 2020 ஜனவரியில் விலகியதும் இதே வகைப்பட்டது: ஐரோப்பாவின் விதிகளை உள்ளேயிருந்து எழுதிய கை, இப்போது வெளியே எழுதப்பட்டு வரும் விதிகளைப் படித்துக்கொண்டிருக்கிறது. 2022 செப்டம்பரில் லிஸ் டிரஸ் அரசின் வரிக்குறைப்புத் திட்டத்தைக் கடன்பத்திரச் சந்தை ஐந்தே நாட்களில் மண்டியிட வைத்து, மத்திய வங்கி தலையிடும் நிலைக்குக் கொண்டுவந்ததும், அடுத்த மாதமே அவர் விலகியதும், உள்நாட்டுப் பொருளாதாரத்தில்கூட அந்த நாட்டின் விருப்பத்துக்கு எவ்வளவு இடம் உண்டு என்பதைக் காட்டின.

இந்த மதிப்பீட்டை எது மாற்றக்கூடும் என்று கேட்டால், அமெரிக்கா ஐரோப்பாவிடமிருந்து விலகிச் செல்வதுதான் என்பேன். இரண்டாவது ஆற்றலின் பெரும்பகுதி அமெரிக்காவோடு பின்னிக் கிடக்கிறது: 1946இன் உளவுத்துறை உடன்பாடு, 1958இன் அணு ஒப்பந்தம், 2021இல் ஆஸ்திரேலியாவைச் சேர்த்துக்கொண்ட ஆக்கஸ் பாதுகாப்புக் கூட்டு. குயின் எலிசபெத் விமானந்தாங்கிக் கப்பல் 2021இல் ஆசியக் கடல்களுக்குச் சென்றபோது அதன் தளத்திலிருந்த எஃப்-35 விமானங்களில் எட்டு பிரிட்டனுடையவை, பத்து அமெரிக்காவுடையவை. அந்தப் பிணைப்பு தளர்ந்தால் பிரிட்டன் பாரிஸை நோக்கியே திரும்ப வேண்டியிருக்கும். 2025 ஜூலையில் ஸ்டார்மரும் மக்ரோனும் நார்த்வுட்டில் அறிவித்த அணு ஒத்துழைப்பை அந்தத் திசையில் வைத்த முதல் அடியாகப் பார்க்கிறேன். ஆனால் பிரான்ஸ் தன் ஏவுகணைகளைத் தானே செய்கிறது. பிரிட்டனில் கட்டப்பட்டு வரும், 2030களில் பணிக்கு வரவேண்டிய டிரெட்நாட் வகை நீர்மூழ்கிக் கப்பல்களும் அமெரிக்காவின் டிரைடன்டையே சுமக்கும்படி வடிவமைக்கப்பட்டிருக்கின்றன. அவை பல பத்தாண்டுகள் கடலில் இருக்க வேண்டியவை.